நாளுக்கு நாள்

நெடுங்கேணியில் ஐந்தே முக்காலுக்கு பஸ்.
அதைத் தவறவிட்டால் எதிலாவது தொற்றி
புளியங்குளம் சந்திக்கு வந்து
கண்டி வீதியில் போகிற எதற்கும் கை காட்ட வேண்டும்.
பதினொரு வருடம், நாற்பத்தொன்பது தவணை.
வவுனியா கோட்டு வாசல் தேத்தண்ணிக் கடைக்காரன்
கேளாமலே சீனி இல்லாமல் ஊற்றுவான்.
முதல் தவணைக்கு வந்தபோது
எனக்குச் சலரோகம் இல்லை.

ஒரு நீதிபதி மாற்றலாகிப் போனார்.
வந்தவர் கோவையைப் படிக்கத் தவணை கேட்டார்,
படித்து முடிக்க அவருக்கும் மாற்றம்.
பிரேதத்தைச் சோதித்த டாக்குத்தர் கனடாவில்.
ஒருமுறை ஓமந்தையில் வெள்ளம்.
ஒருமுறை மொழிபெயர்ப்பாளருக்குக் கலியாணம்,
அடுத்த தவணையில் ஆளுக்கொரு கேக் துண்டு
தங்கத்தாளில் சுற்றித் தந்தார்கள்.
எதிரிக்கும் கொடுத்தார்களா என்று
பார்க்கவில்லை என்று சொல்லத்தான் விருப்பம்.
பார்த்தேன்.
கொடுத்தார்கள்.

கூண்டில் நிற்பவனை இங்கே எதிரி என்றுதான் சொல்வது.
வாகீசன் என்று கூப்பிட்ட காலம் ஒன்று இருந்தது,
ஒரே வாய்க்காலில் எங்களுக்கும் அவர்களுக்கும் தண்ணீர்.
அந்தச் சிறுபோகம் குளம் பாதிதான்.
இரவு மடை திறக்கப் போன உருத்திரன்
விடிய வரவில்லை.
இல்லை, அப்படிச் சொல்லக் கூடாது,
நான் கண்ட சாட்சி.
பின்னால் போனேன், கண்டேன்.

வழக்கை அசைத்தவள் நான் இல்லை.
எதிரியின் தங்கை புஸ்பமலர்
இரண்டு பால்மாட்டை விற்று
புதுக்கடைக்குப் போய் மனுப் போட்டாள்.
மேன்முறையீட்டு நீதிமன்றம்
மூன்று பக்கம் எழுதி அனுப்பியது:
இந்தத் தாமதத்துக்குக் காரணம் சொல்லுக,
மூன்று மாதத்துள் முடிக்குக,
நாளுக்கு நாள் விசாரிக்குக.
என் முகம் தெரியாத ஒரு நீதியரசர்
இந்த வருடங்களை உட்கார்ந்து எண்ணியிருக்கிறார்.
எண்ணியது அவனுக்காக.
என்னை, "முறைப்பாட்டாளர்" என்று
ஓர் இடத்தில் சொல்லியிருந்ததாம்.
அதற்கே வீட்டுக்கு வந்து அழுதேன்.
பிள்ளை கேட்டாள், வென்றிட்டமா?

திங்கட்கிழமை தொடங்கியது.
சான்றுப்பொருள் அறையிலிருந்து மண்வெட்டி வந்தது.
பிடியைக் கறையான் தின்று
இரும்பு மட்டும், கழுத்தில் கட்டிய இலக்கத்துடன்.
எதிரியை அடையாளம் காட்டச் சொன்னார்கள்.
கை காட்டினேன்.
தலை நரைத்த ஒருவன் நின்றான்.
என்னைப் பார்த்து, பழக்கத்தில்,
தலையை ஆட்டினான்.
எங்கள் இரண்டு பேருக்கும் இந்த வளவில்
வேறு யாரையும் இவ்வளவு காலம் தெரியாது.

"அன்றைக்கு நிலவு இருந்ததா, அம்மா?"
எதிரித்தரப்புச் சட்டத்தரணி மெல்லத்தான் கேட்டார்.
பொலிசில் நிலவு என்றுதான் சொன்னேன்.
மறந்துவிடக் கூடாதென்று
ஒவ்வொரு தவணைக்கும் பஸ்ஸில்
மனதுக்குள் சொல்லிக்கொண்டு வந்தேன்,
நிலவு, நீலச் சாரம், வலது கை.
இப்போது கண்ணை மூடினால்
சொன்னதுதான் தெரிகிறது.
வாய்க்கால் தெரியவில்லை.
"இருந்தது" என்றேன்.
முதலாவது தவணையில் கேட்டிருந்தால்
நிலவின் அளவைச் சொல்லியிருப்பேன்.

"நாளைக்கு ஒன்பதரைக்கு" என்றார் நீதிபதி.
தவணை எழுதும் பெடியன்
வழக்கம்போல மாதத்தைத் தொடங்கிவிட்டு
பேனையைத் தூக்கினான்.

நெடுங்கேணிக்குக் கடைசி பஸ்.
ஒரே ஒரு இருக்கை, புஸ்பமலருக்குப் பக்கத்தில்.
இருந்தேன்.
மாடு எவ்வளவுக்குப் போனது என்று கேட்க
வாய் வரை வந்தது.
கனகராயன்குளத்துப் பக்கம் மழை மின்னியது.
புளியங்குளம் தாண்டின பிறகு
அவள்தான் கேட்டாள்,
"நாளைக்கும் இந்த விடிய பஸ் வருமோ?"